கை முன்னே, ஓசை பின்னே: நிகழ்த்தல், வீடியோ, இன்ஸ்டலேஷன் – ஓர் எளிய அறிமுகம்

1972. நியூயார்க்கில் மன்ஹாட்டனின் கீழ்ப்பகுதி. ஒரு கட்டிடத்தின் மொட்டை மாடியில் கொஞ்சம் பேர் நின்று கீழே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அங்கே ஹட்சன் ஆறு வரைக்கும் காலி மனைகள். அந்த வெளியில் ஆங்காங்கே சில மனிதர்கள். மாடியிலிருந்து பார்க்க விரல் உயரம்கூட இல்லை. அவர்களில் ஒருவர் இரண்டு மரக்கட்டைகளைத் தலைக்கு மேலே தூக்கி ஒன்றோடொன்று அடிக்கிறார். கட்டைகள் மோதிவிட்டன. சத்தம் இல்லை. கைகள் விலகிய பிறகுதான் 'டக்' என்ற ஓசை மாடிக்கு வந்து சேர்கிறது.

மின்னலையும் இடியையும் வைத்துப் பள்ளிக்கூடத்தில் படித்த அதே விஷயம்தான். ஒளி உடனே வந்துவிடும். ஒலியோ விநாடிக்குச் சுமார் 340 மீட்டர் வேகத்தில்தான் வர முடியும். நமக்கெல்லாம் தெரிந்த இந்தச் சின்ன இடைவெளியை எடுத்து, அதைப் பார்ப்பதற்கென்றே ஆட்களைக் கூட்டி மாடியில் நிறுத்தியவர் ஜோன் ஜோனஸ் என்ற அமெரிக்கக் கலைஞர். அந்த நிகழ்வுக்கு அவர் வைத்த பெயரும் 'தாமதம் தாமதம்' என்றுதான் பொருள்படும்.

சமகாலக் கலைஞர்களைப் பற்றிய அறிமுகக் குறிப்புகளில் ஒரு வரி அடிக்கடி வரும்: இன்னார் பெர்ஃபார்மன்ஸ், வீடியோ, இன்ஸ்டலேஷன் ஆகியவற்றில் இயங்குபவர். ஓவியர் என்றால் புரிகிறது. சிற்பி என்றாலும் புரிகிறது. இந்த மூன்றும் சேர்ந்து வரும்போது குழப்பமாகிவிடுகிறது. இவர் நடிப்பவரா, படம் எடுப்பவரா, செட் போடுபவரா? மூன்று வேலை தெரிந்த ஒருவர் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு மேலே போய்விடுகிறோம். நானும் வெகுநாள் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

ஜோனஸின் அந்த மரக்கட்டைச் சத்தம்தான் எனக்கு இதைத் திறந்துவிட்டது. ஒருவர் எங்கோ ஒரு செயலைச் செய்கிறார். அது நம்மிடம் வந்து சேர வேண்டும். நேராக நம் கண் முன்னாலேயே நடக்கலாம். கேமரா வழியாக வரலாம். நாம் நடந்து நுழையும் ஓர் அறையாகவும் அது மாறலாம். நிகழ்த்தல், வீடியோ, இன்ஸ்டலேஷன் என்று மூன்று பெயர்கள் இருந்தாலும், ஒரே செயல் பயணம் போகும் மூன்று பாதைகளாக அவற்றைப் பார்த்தால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். வழியில் எவ்வளவு தாமதமாகிறது, எது உதிர்ந்துபோகிறது, எது புதிதாக வந்து ஒட்டிக்கொள்கிறது என்று கவனிப்பதில்தான் இந்தக் கலையின் சுவையே இருக்கிறது.

முதலில் உடல்

பெயரில் ஒரு சிக்கல் உண்டு. தமிழில் 'நிகழ்த்துகலை' என்றால் கூத்து, நாடகம், நடனம் எல்லாம் அதில் அடங்கும். ஓவியக் கல்லூரிகளும் கலைக்கூடங்களும் பெர்ஃபார்மன்ஸ் என்று சொல்வது வேறு. அது ஓவியர்கள், சிற்பிகள் நடுவிலிருந்து கிளம்பி வந்தது. அதனால் இந்தக் கட்டுரையில் 'நிகழ்த்தல்' என்றே எழுதுகிறேன்.

நாடகத்தில் ராஜா செத்துப்போனால், திரை விழுந்ததும் நடிகர் எழுந்து வந்து வணக்கம் சொல்வார். நிகழ்த்தலில் பெரும்பாலும் அப்படி எழுந்து வர வேறொரு ஆள் கிடையாது. களைப்பு என்றால் அந்த உடம்பின் களைப்பு. ஒரு வருடம் என்றால் நாட்காட்டியில் இருக்கும் அதே ஒரு வருடம்.

அந்த ஒரு வருடத்துக்கு டெச்சிங் ஷியேவைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. தைவானில் பிறந்த கலைஞர். 1974-இல் கப்பல் மாலுமியாக வந்து, அமெரிக்கக் கரையில் கப்பலை விட்டு இறங்கி, உரிய ஆவணங்கள் இல்லாமல் நியூயார்க்கில் வாழ்ந்தவர். 1980 ஏப்ரலில் தன் அறையில், தொழிற்சாலைகளில் இருக்குமே, வேலைக்கு வந்த நேரத்தை அட்டையில் குத்தும் கடிகாரம், அப்படி ஒன்றை மாட்டினார். ஒரு வருடம் முழுக்க, மணிக்கொரு முறை, இரவும் பகலும் அதில் அட்டையைக் குத்த வேண்டும். இதுதான் அவர் தனக்கே விதித்துக்கொண்ட வேலை. எந்தப் பொருளும் உற்பத்தியாகாது. யாரும் சம்பளம் தர மாட்டார்கள்.

மொத்தம் 8,760 முறை குத்தியிருக்க வேண்டும். அதில் 133 முறை தவறிவிட்டது. அதையும் அவர் கணக்கு வைத்திருக்கிறார்: தூங்கிப்போனது 94, தாமதமானது 29, அவசரப்பட்டு முன்கூட்டியே குத்தியது 10. இந்த 133-ஐ அவர் மறைக்காமல் வைத்ததுதான் என்னை மிகவும் தொடுகிறது. எல்லாம் சரியாக நடந்திருந்தால் அங்கே இருந்தது இயந்திரமா மனிதனா என்ற சந்தேகம் வந்திருக்கும். ஒரு மணி நேரத்துக்கு மேல் சேர்ந்தாற்போல் தூங்க முடியாத, நகரத்தில் அரை மணி நேரத் தொலைவுக்கு அப்பால் போக முடியாத ஓர் உடம்பு அந்த எண்களுக்குள் இருக்கிறது.

இதை யார் பார்த்தார்கள்? ஏறக்குறைய யாருமே பார்க்கவில்லை. ஒரு வருடம் அந்த அறையில் உட்கார்ந்து பார்க்க யாருக்கு முடியும்? அதனால் ஷியே ஒரு ஏற்பாடு செய்தார். ஒவ்வொரு முறை குத்தும்போதும் சினிமா கேமராவால் தன்னை ஒரே ஒரு ஃபிரேம் எடுத்துக்கொண்டார். தொடக்க நாளில் தலையை மொட்டையடித்துவிட்டார். சினிமா விநாடிக்கு 24 ஃபிரேம் ஓடும். நாளொன்றுக்கு 24 மணி. ஆக, அவருடைய ஒரு நாள் திரையில் ஒரு விநாடி. வருடம் முழுவதும் ஆறே நிமிடத்தில் ஓடி முடிகிறது. கடிகார முள் பம்பரமாகச் சுற்றுகிறது, மொட்டைத் தலையில் முடி முளைத்துத் தோள் வரை இறங்குகிறது, சீருடை அணிந்த அந்த மனிதர் நடுங்கிக்கொண்டே நிற்கிறார்.

இப்போது யோசித்துப் பாருங்கள். கலை எது? அந்த ஒரு வருடமா, இந்த ஆறு நிமிடமா, காட்சிக்கூடத்துச் சுவரில் வரிசையாக மாட்டியிருக்கும் அட்டைகளா? நடந்தது ஒன்று, நம் கைக்கு வந்தது இன்னொன்று. நடுவில் இருக்கும் தூரத்தை நம் கற்பனைதான் கடந்தாக வேண்டும். நிகழ்த்தல் கலையில் பெரும்பகுதியை உலகம் இப்படித்தான் அறிந்திருக்கிறது. நேரில் பார்த்தவர்கள் கொஞ்சம், புகைப்படத்தில் பார்த்தவர்கள் ஏராளம்.

அந்தப் புகைப்படமும் எப்போதும் உண்மை பேசும் என்று சொல்ல முடியாது. 1960-இல் ஈவ் க்ளைன் என்ற பிரெஞ்சுக் கலைஞர் ஒரு வீட்டின் மேல்விளிம்பிலிருந்து கைகளை விரித்துத் தெருவை நோக்கிப் பாய்வதாக ஒரு புகழ்பெற்ற படம் உண்டு. கீழே வெறும் தெரு. தூரத்தில் ஒருவர் சைக்கிளில் போய்க்கொண்டிருக்கிறார். உண்மையில் கீழே நண்பர்கள் தார்ப்பாய் பிடித்துக்கொண்டு நின்றார்கள். பாய்ந்த படத்தையும் வெறும் தெருவின் படத்தையும் ஒட்டிச் செய்ததுதான் நாம் பார்ப்பது. இது தெரிந்த பிறகு எனக்கு ஏமாற்றமாக இல்லை. கலைஞர் எதை விரும்பினார் என்று அந்த ஒட்டு வேலை இன்னும் தெளிவாகச் சொல்வதாகத்தான் தோன்றியது.

சில நிகழ்த்தல்களில் பார்வையாளர் வெறும் பார்வையாளராக இருக்க முடியாது. ஜப்பானியக் கலைஞர் யோகோ ஓனோ 1964-இல் கியோட்டோவில் மேடையில் அசையாமல் உட்கார்ந்தார். முன்னால் ஒரு கத்தரிக்கோல். வந்திருந்தவர்கள் ஒவ்வொருவராக மேலேறி அவர் உடையில் ஒரு துண்டை வெட்டி எடுத்துக்கொள்ளலாம். அவ்வளவுதான் விதி. எங்கே வெட்டுவது, எவ்வளவு வெட்டுவது, எப்போது நிறுத்துவது என்பது வந்தவரின் கையில். அந்த மேடையில் உண்மையில் அம்பலமானது யார் என்று கேட்டால், கத்தரிக்கோலை எடுத்தவர்தான் என்று நான் சொல்வேன்.

கேமரா வந்தபோது

1967-இல் சோனி நிறுவனம் போர்ட்டாபாக் என்ற வீடியோ கருவியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. கேமரா ஒரு கையில், நாடா ஓடும் பெட்டி தோளில். இன்றைய கைப்பேசியோடு ஒப்பிட்டால் கனமான சுமைதான். ஆனாலும் ஒரே ஆள் தூக்கிக்கொண்டு நடந்து படமெடுக்க முடிந்தது. அதுவரை தொலைக்காட்சி என்றால் பெரிய நிலையம், பெரிய கேமரா, பெரிய குழு.

சினிமாவுக்கும் இதற்கும் ஒரு முக்கியமான வேறுபாடு இருந்தது. சினிமா எடுத்தால் ஃபிலிமைக் கழுவி வரும் வரைக்கும் என்ன பதிவானது என்று தெரியாது. வீடியோவில், கேமராவை ஒரு டிவி பெட்டியோடு இணைத்தால் நீங்கள் கையைத் தூக்கும் அதே கணத்தில் டிவியிலும் உங்கள் கை தூக்கும். கண்ணாடி போல. ஆனால் கண்ணாடி காட்டாததையும் காட்டும்: உங்கள் முதுகை, மேலிருந்து தெரியும் உச்சந்தலையை, வலது இடம் மாறாத உங்கள் முகத்தை. கலைஞர்கள் இந்தக் கருவியின் மேல் பாய்ந்து விழுந்ததற்கு இந்த உடனடித்தன்மைதான் முதல் காரணம். ஓவியத்திலும் சிற்பத்திலும் பல நூற்றாண்டுகளாக ஆண்களின் பெயர்களே நிறைந்திருந்தன. வீடியோவுக்கு அப்படி எந்தப் பழைய வரலாறும் இல்லை. பெண் கலைஞர்கள் பலர் இதை உடனே தமதாக்கிக்கொண்டார்கள். ஜோனஸ் அவர்களில் ஒருவர்.

அவர் 1936-இல் நியூயார்க்கில் பிறந்தவர். படித்தது கலை வரலாறும் சிற்பமும். 1960-களின் கடைசியில் நடனக்காரர்களோடு பழகி, சிற்பத்தை விட்டுவிட்டு உடலசைவுக்கு வந்தார். தொடக்கத்தில் அவருடைய முக்கியமான கருவி கண்ணாடி. ஆளுயரக் கண்ணாடிகளைத் தூக்கிக்கொண்டு நிகழ்த்துநர்கள் மெதுவாக நகர்வார்கள். பார்க்க வந்தவர்கள் நிகழ்ச்சியின் நடுவில் தங்கள் முகத்தையே பார்ப்பார்கள், துண்டு துண்டாக, பக்கத்தில் இருப்பவரின் தோளோடு சேர்த்து. யாரையோ பார்க்க வந்து தன்னையே பார்க்க நேர்வது எவருக்கும் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கும்.

1970-இல் ஜப்பான் போனார். அங்கே நோ, கபுகி நாடகங்களைப் பார்த்தார். முகமூடி, மெதுவான நடை, மரக்கட்டையின் ஓசை. திரும்பும்போது ஒரு போர்ட்டாபாக்கையும் வாங்கிக்கொண்டு வந்தார். அப்புறம் கண்ணாடியின் இடத்தில் கேமரா வந்து உட்கார்ந்தது.

அந்தக் காலத்து நிகழ்த்தல்களில் அவர் முகமூடி அணிந்து 'ஆர்கானிக் ஹனி' என்ற வேறொரு பெண்ணாக மாறுவார். நாடகம்போல் வேடம் கிடையாது என்று மேலே சொன்னேனே, அந்த விதி இங்கே உடைகிறது. இந்தக் கலையில் எந்த விதியும் ரொம்ப நாள் தாங்காது. ஜோனஸ் பார்வையாளர்கள் முன்னால் நிற்பார். பக்கத்திலேயே ஒருவர் கேமராவோடு நிற்பார், ஒளிந்துகொள்ளாமல், நிகழ்ச்சியின் ஒரு பகுதியாகவே. கேமரா பிடிப்பது அருகிலிருக்கும் டிவியில் தெரியும். ஆக ஒரே நேரத்தில் இரண்டு காட்சிகள்: தூரத்தில் முழு உருவம், டிவியில் அதன் கையோ கண்ணோ மிக நெருக்கத்தில். இரண்டும் ஒரே ஆள், ஒரே கணம். இருந்தாலும் ஒன்றோடொன்று பொருந்தாது. எதைப் பார்ப்பது என்று தலையை அங்கும் இங்கும் திருப்பிக்கொண்டிருப்பதுதான் பார்வையாளருக்கான வேலை.

அதே 1972-இல் அவர் செய்த ஒரு வீடியோவைப் பற்றிக் கொஞ்சம் நிதானமாகப் பேச வேண்டும். பழைய டிவி பெட்டிகளை நினைவிருப்பவர்களுக்கு இது சட்டென்று புரியும். சில நேரம் படம் நிற்காமல் மேலிருந்து கீழாகவோ கீழிருந்து மேலாகவோ உருண்டுகொண்டே இருக்கும். இரண்டு படங்களுக்கு நடுவே ஒரு கறுப்புப் பட்டை ஓடும். வருகிற சிக்னலும் பெட்டியும் ஒரே தாளத்தில் சேராததால் வரும் கோளாறு அது. பெட்டியின் பின்னால் ஒரு குமிழைத் திருகிச் சரிசெய்வார்கள். ஜோனஸ் சரிசெய்யவில்லை. உருளட்டும் என்று விட்டுவிட்டு, அந்தக் கோளாறுக்குள்ளேயே ஒரு நிகழ்த்தலைச் செய்தார். வீடியோவின் பெயரே 'செங்குத்து உருளல்' என்று பொருள்படும்.

ஏறக்குறைய 20 நிமிடம். கறுப்பு வெள்ளை. பட்டை உருள்கிறது, ஒவ்வொரு உருளலுக்கும் ஓர் உலோக அடி, கரண்டியால் தட்டும் சத்தம். கால்கள் வருகின்றன, அந்தப் பட்டையைத் தாண்டிக் குதிப்பதுபோல் எழும்பி விழுகின்றன. ஒரு கை, ஒரு முகமூடி, உடையின் ஒரு பகுதி. முழு உடல் ஒருமுறைகூட நிலையாக நிற்பதில்லை. ஒரு பெண்ணுடலை நிம்மதியாகப் பார்த்து ரசிக்கும் வசதியை அந்தக் கறுப்புப் பட்டை தொடர்ந்து வெட்டிக்கொண்டே இருக்கிறது. முதல் ஐந்து நிமிடம் எரிச்சலாக இருக்கும், எனக்கு இருந்தது. பத்தாவது நிமிடத்தில் அந்தத் தாளம் உடம்புக்குள் இறங்கிவிடுகிறது. கடைசியில் ஒன்று நடக்கும். உருண்டுகொண்டிருக்கும் டிவி திரைக்கு முன்னால், பக்கவாட்டிலிருந்து அவருடைய முகம் மெதுவாக உள்ளே வந்து நம்மைப் பார்க்கும். அந்த முகம் உருளவில்லை. அப்போதுதான் தெரிகிறது, இத்தனை நேரம் நாம் பார்த்தது ஒரு டிவி பெட்டியை இன்னொரு கேமரா எடுத்த படம் என்று. அவர் முழு நேரமும் அந்தப் பெட்டிக்கு இந்தப் பக்கத்தில், நமக்கு மிக அருகில் இருந்திருக்கிறார்.

'வீடியோ ஆர்ட்' என்றால் குறும்படமா என்று கேட்பவர்களுக்கு இந்த ஒரு வீடியோ போதும். குறும்படம் கதையைச் சொல்ல கேமராவைப் பயன்படுத்தும். கேமரா இருப்பதை நாம் மறந்தால் அதற்கு வெற்றி. இங்கே கருவியே மேடைக்கு வந்து நிற்கிறது. கொரியக் கலைஞர் நாம் ஜூன் பைக் 1974-இல் ஒரு பழைய புத்தர் சிலையை டிவி முன்னால் வைத்து, டிவிக்குப் பின்னால் கேமராவை வைத்தார். புத்தர் டிவியில் தன்னையே பார்த்துக்கொண்டிருக்கிறார். அவ்வளவுதான். கதை கிடையாது, முடிவும் கிடையாது. மின்சாரம் இருக்கும் வரை புத்தர் பார்ப்பார்.

இன்னொரு வகையும் உண்டு. நிகழ்த்தலே வீடியோவுக்காகச் செய்யப்படுவது. பிரான்சிஸ் அலீஸ் என்ற கலைஞர் 1997-இல் மெக்சிகோ நகரத் தெருக்களில் ஒரு பெரிய பனிக்கட்டியைத் தள்ளிக்கொண்டு போனார். காலையில் இடுப்பொடியக் குனிந்து தள்ள வேண்டிய கட்டி, போகப் போகக் கரைந்து, கடைசியில் காலால் உதைத்துக்கொண்டு போகுமளவு சிறுத்து, ஈரப் புள்ளியாகி மறைந்தது. ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆன வேலை வீடியோவில் ஐந்து நிமிடம். தெருவில் பார்த்தவர்களுக்கு அவர் பனிக்கட்டி தள்ளிக்கொண்டு போகும் ஒரு ஆள், அவ்வளவே. முழுதாகப் பார்த்தது நாம்தான், பிற்பாடு, வேறெங்கோ உட்கார்ந்து.

அறைக்குள் நுழைதல்

இன்ஸ்டலேஷன் என்பதைத் தமிழில் நிறுவல், நிர்மாணக் கலை என்றெல்லாம் எழுதுகிறார்கள். எந்தச் சொல்லை எடுத்தாலும் விஷயம் இதுதான்: ஒரு பொருளைச் சுற்றி நாம் நடக்காமல், நாமே அதற்குள் நடப்பது. சிற்பத்தை வெளியே நின்று பார்க்கிறோம். இன்ஸ்டலேஷனுக்கு வெளியே நிற்க இடமில்லை. வெளிச்சம், தரை, சத்தம், பக்கத்தில் நிற்கும் அந்நியர் எல்லாமே அதில் சேர்த்தி.

அமெரிக்கக் கலைஞர் புரூஸ் நாமன் 1970-இல் கட்டிய ஒரு நடைபாதையைச் சொல்கிறேன். இரண்டு உயரமான சுவர்கள். நடுவே சுமார் 50 சென்டிமீட்டர் அகலம். நீளம் ஏறக்குறைய 10 மீட்டர். மறுகோடியில் ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டு டிவி பெட்டிகள். ஒன்றில் காலியான நடைபாதை, முன்பே பதிவு செய்தது. நீங்கள் உள்ளே இருந்தாலும் அதில் தெரிய மாட்டீர்கள். மற்றொன்றில் நேரலை. ஆனால் கேமரா நுழைவாயிலில், உங்கள் முதுகுக்குப் பின்னால், உயரத்தில் இருக்கிறது. உங்களைப் பார்க்க ஆசைப்பட்டு டிவியை நெருங்க நெருங்க, கேமராவை விட்டு விலகிப் போகிறீர்கள். திரையில் உங்கள் உருவம் சிறிதாகிக்கொண்டே போகிறது, அதுவும் முதுகைக் காட்டிக்கொண்டு. மிக அருகில் போய்விட்டால் மிகச் சிறியவராகிவிடுவீர்கள்.

இதில் நடிகர் யார்? நாமன் அங்கே இல்லை. நடப்பவர் நீங்கள். நிகழ்த்தல், வீடியோ, இன்ஸ்டலேஷன் மூன்றும் ஒன்றாகிப்போன இடம் இது. யாருக்காவது இந்தக் கலையை ஒரே உதாரணத்தில் விளக்கச் சொன்னால் நான் இந்த நடைபாதையைத்தான் சொல்வேன்.

இந்தியக் கலைஞர் நளினி மலானியின் அறைகள் வேறு மாதிரி. 1946-இல் கராச்சியில் பிறந்து, பிரிவினைக்குப் பின் இந்தியா வந்த குடும்பம் அவருடையது. ஒளி ஊடுருவும் பெரிய உருளைகளின் உட்பக்கத்தில் ஓவியம் தீட்டித் தொங்கவிடுவார். உருளைகள் மெதுவாகச் சுழலும். வீடியோ புரொஜெக்டரின் ஒளி அவற்றினூடே பாயும். ஓவியத்தின் நிழலும் வீடியோவின் உருவங்களும் சுவரில் ஒன்றின் மேல் ஒன்று நகரும். நடுவில் நடக்கும் உங்கள் நிழலும் சேர்ந்துகொள்ளும். 2012-இல் ஜெர்மனியின் காசெல் நகரில் நடந்த டாக்குமென்டா கண்காட்சியில் இப்படியொரு பெரிய படைப்பை வைத்தார். வன்முறையைப் பற்றிய அந்தப் படைப்புக்குள் நம் நிழலும் விழுந்து கிடப்பதைப் பார்த்தால், இது எனக்குச் சம்பந்தமில்லாத விஷயம் என்று எளிதில் சொல்லிவிட முடியாது.

சரி, ஜோனஸுக்கு வருவோம். 1994-இல் ஆம்ஸ்டர்டாமின் ஸ்டெடெலிக் அருங்காட்சியகம் அவருடைய படைப்புகளைத் தொகுத்துக் காட்ட அழைத்தது. சிக்கல் என்னவென்றால், தொகுத்துக் காட்ட என்ன இருந்தது? இருபது வருடங்களுக்கு முன் நடந்து முடிந்த நிகழ்ச்சிகள்தான். முகமூடிகள், கண்ணாடிகள், வீடியோ நாடாக்கள், சுண்ணக்கட்டி ஓவியங்கள் என்று மிச்சங்கள் இருந்தன. அவற்றை நினைவுப் பொருட்களாகக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. ஒவ்வொரு பழைய நிகழ்த்தலையும் புதிதாக ஓர் அறையாக்கினார். ஆள் இல்லாத மேடை. ஆனால் நீங்கள் நுழைந்ததும் அந்த மேடையில் ஓர் ஆள் வந்துவிடுகிறார்.

அதிலிருந்து அவர் வேலை செய்யும் முறையே இப்படி ஒரு சுழற்சியாகிவிட்டது. நிகழ்த்துகிறார், அதைப் படமெடுக்கிறார், படத்தை அறையில் ஓடவிடுகிறார், அந்தப் படத்துக்கு முன்னால் மறுபடி நிகழ்த்துகிறார். 2015-இல் இத்தாலியின் வெனிஸ் நகரில் நடந்த பன்னாட்டுக் கலைக் கண்காட்சியான பியன்னாலேயில் அமெரிக்க அரங்கை முழுக்க அவரிடம் கொடுத்தார்கள். அறைக்கு அறை தேனீ, மீன், காற்று என்று பொருள்கள். குழந்தைகள் வீடியோக் காட்சிகளுக்கு முன்னால் அசைந்தாடுவதைப் படமெடுத்து ஓடவிட்டிருந்தார். அவர்களின் வெள்ளை உடையே பாதித் திரையாகிவிடும். கனடாவின் கேப் பிரெட்டன் பகுதியில் சொல்லப்படும் பேய்க்கதைகளின் துணுக்குகள் காதில் விழுந்துகொண்டிருந்தன. பல ஆண்டுகளாக அவர் கோடைக்காலத்தைக் கழிக்கும் இடம் அது. ஓர் அறையில், கண்ணாடி வேலைக்குப் பேர்போன வெனிஸ் தீவான முரானோவில் செய்த நெளிந்த கண்ணாடிகள். வருகிறவர்கள் தண்ணீரில் தெரிவதுபோல் அலைந்தார்கள். 1969-இல் தூக்கிக்கொண்டு நடந்த அதே கண்ணாடி, 46 வருடம் கழித்துச் சுவரில்.

உள்ளே போனால் என்ன செய்வது

முதல் முறை போகிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான்: இருட்டறையில் வீடியோ ஓடிக்கொண்டிருந்தால் பாதியில் நுழைந்துவிட்டோமே என்று தயங்க வேண்டாம். பெரும்பாலானவை சுழன்றுகொண்டே இருக்கும். நீங்கள் நுழைந்த காட்சி மறுபடி வரும் வரை இருங்கள். அது எட்டு நிமிடமா எண்பது நிமிடமா என்பது வாசலில் உள்ள சிறு அட்டையில் இருக்கும். நேரத்தை மட்டும் பாருங்கள். அதற்குக் கீழே உள்ள விளக்கத்தை வெளியே வந்து படிக்கலாம். விளக்கத்தை முதலில் படித்துவிட்டால், உள்ளே போய் அந்த வாக்கியங்களைத் தேடிக்கொண்டிருப்போமே தவிர முன்னால் இருப்பதைப் பார்க்க மாட்டோம்.

இதற்கு என்ன அர்த்தம் என்று தொடங்குவதைவிட, இங்கே என் உடம்பு என்ன செய்தது என்று தொடங்குவது பலன் தரும். குனிந்தேனா, பின்வாங்கினேனா, பக்கத்தில் இருப்பவரைத் திரும்பிப் பார்த்தேனா, வெளியே போய்விட வேண்டும் என்று எப்போது தோன்றியது. நாமனின் நடைபாதைக்கு அகராதி அர்த்தம் எதுவும் கிடையாது. ஆனால் அதில் நடந்தவருக்குத் தன் முதுகைத் துரத்திக்கொண்டு போன அனுபவம் இருக்கும்.

பிடிக்கவில்லை என்றால் பிடிக்கவில்லை என்று சொல்லலாம். இந்தத் துறையில் சாரமில்லாத வேலைகளும் நிறையவே உண்டு. நாலு திரை, பெரிய சத்தம், நீண்ட விளக்க அட்டை. அட்டையை எடுத்துவிட்டால் ஒன்றும் மிஞ்சாது. ஷியேவின் அட்டைகளையோ அலீஸின் பனிக்கட்டியையோ ஒரே வாக்கியத்தில் ஒருவரிடம் சொல்லிவிட முடியும். சொன்ன பிறகும் பார்க்க வேண்டும் என்று தோன்றும். நல்ல வேலைக்கு நான் வைத்திருக்கும் சோதனை இது.

இவற்றை எப்படிப் பாதுகாக்கிறார்கள் என்ற கேள்வியும் வரும். வீடியோவைப் பெரும்பாலும் குறிப்பிட்ட சில பிரதிகள் மட்டும் போட்டுக் கலைஞரின் சான்றிதழோடு விற்பார்கள். பழைய குழாய் டிவிகளை இப்போது யாரும் தயாரிப்பதில்லை என்பதால், பைக் போன்றவர்களின் படைப்புகளை வைத்திருக்கும் அருங்காட்சியகங்கள் பெட்டிகளைத் தேடிச் சேமித்து வைக்கின்றன. நிகழ்த்தலுக்கு உதிரி பாகம் கிடையாது. அங்கே இருக்கும் ஒரே வழி, இன்னொரு உடம்புக்குச் சொல்லிக்கொடுப்பது. டினோ சேகல் என்ற கலைஞர் தன் படைப்புகளைப் படமெடுக்கவே அனுமதிப்பதில்லை. விற்பதுகூட எழுத்தில் இல்லாமல் வாய்மொழியாகத்தான்.

ஜோனஸ் படமும் எடுத்தார், வேறு உடம்புகளுக்குச் சொல்லியும் கொடுத்தார். 'தாமதம் தாமதம்' நிகழ்ந்த மறு வருடமே அதை வைத்து ஒரு சிறு படமெடுத்தார். கட்டை மோதுவதும் ஓசை வருவதும் அதிலும் சேராமல்தான் இருக்கும். அப்புறம் 2018 மார்ச்சில், தனக்கு 81 வயதாகியிருந்தபோது, லண்டனில் டேட் மாடர்ன் அருங்காட்சியகத்தின் நிகழ்ச்சிக்காக அதே நிகழ்த்தலைத் தேம்ஸ் ஆற்றங்கரையில் மறுபடி அமைத்தார். வேறு நகரம், வேறு ஆறு, வேறு ஆட்கள். பார்க்க வந்தவர்கள் தூரத்தில் நின்றார்கள். மரக்கட்டைகள் தலைக்கு மேலே போய் மோதின, எல்லோரும் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தார்கள்.